நண்டு வளை

அன்று தேநீர் உப்புக் கரித்தது. கூலிகளை மேய்க்கும் மண்டோர் கார்த்திகேசு ஒரு வாய் குடித்துவிட்டுத் துப்பினார்.

"கெணத்துல கடல்தண்ணி ஏறிருச்சுங்க. ராஃபேல் சொன்ன மாதிரியே," என்றாள் மனைவி நல்லம்மாள்.

அந்தப் பெயரைக் கேட்டதும் அவர் மிச்சத் தேநீரை வாசலில் கொட்டினார்.

கோலசிலாங்கூரின் அந்தத் தென்னந்தோட்டத்தைக் கடலிடமிருந்து காப்பது ஒரே ஒரு மண்கரை. அதற்கு வெளியே பாக்காவ் என்னும் அலையாத்தி மரங்கள் வேர்விட்டுச் சேற்றைப் பிடித்து வைத்திருந்தன. கரைக் காவல்காரன் ராஃபேல், "மரத்த வெட்டாதீங்க மண்டோரய்யா, வேரு போனா சேறு போயிரும், அப்புறம் கடலு உள்ள வந்திரும்லா," என்று தலைதலையாய் அடித்துக்கொண்டான். கார்த்திகேசு மரங்களைக் கரிச்சூளைக்குக் களவாக விற்றார். தோட்டத் துரையிடம் சொல்வேன் என்று அவன் மிரட்டியதும், காட்டிலிருக்கும் கம்யூனிஸ்டுகளுக்கு அரிசி கொடுக்கிறான் என்று பட்டாளத்திடம் போட்டுக்கொடுத்தார். அவசரகாலம், யாரும் கேள்வி கேட்கவில்லை. கரைக்கு வெளியே அவனைச் சுட்டு அங்கேயே புதைத்தார்கள். இரண்டே வருஷத்தில் கடல் அந்த இடத்தையும் தின்றுவிட்டு முன்னேறியது. பாவி மனுஷன், அப்போதும் வருந்தவில்லை. வீடு போய்விடுமே என்றுதான் பயந்தார்.

அமாவாசை மாலை, கடல் ஏற்றம் கரை விளிம்புவரை தளும்பிக்கொண்டிருக்க, அழுகிய இலையும் நண்டும் கலந்த சேற்று வாடை வீட்டுக்குள்ளேயே வந்து தங்கிவிட, பின்புறம் சளசளவென்று தண்ணீர் ஒழுகும் சத்தம் கேட்டு அவர் ஓடினார். கரையடியில் ஒரு நண்டு வளை. நண்டு வளையைக் கடல் பக்கமிருந்துதான் அடைக்க வேண்டும். ராஃபேல் இடுப்பளவு நீரில் இறங்கி அப்படித்தான் அடைப்பான். அந்தப் பக்கம் இறங்க அவருக்குத் துணிச்சல் இல்லை. உள்பக்கமிருந்தே சாக்கைச் சுருட்டித் திணித்தார். போதவில்லை. முழங்கைவரை விட்டுத் தள்ளினார்.

சாக்கை மறுபக்கமிருந்து யாரோ வாங்கிக்கொண்டார்கள்.

கையை இழுத்தார். வரவில்லை. குளிர்ந்த விரல்கள். ஐந்தும்.

"நல்லம்மா!"

ஆறு மணி ஊரடங்குச் சங்கு ஊதியது. கூலிகளின் லயத்தில் கதவுகள் சாத்தப்பட்டன. நல்லம்மாள் பின்வாசலில் வந்து நின்று பார்த்தாள்.

"வாசலத் தாண்டுனா சுட்டுருவாங்க. புருஷனப் புடிச்சிட்டுப் போனப்ப ராஃபேல் பொண்டாட்டி டொரீன் கத்துனாளே, அவகிட்ட நீங்க சொன்னதுதாங்க," என்றாள். கதவைச் சாத்தினாள்.

கை உள்ளே போனது. தோள்வரை. கன்னம் கரையில் அழுந்தியது. சேறு. மூச்சு.

முகத்தருகே மண் பிளந்தது. இன்னொரு கை வெளியே வந்தது. ஒரு பிடி சேற்றை உருட்டி, அவசரமே இல்லாமல் அவர் வாய்க்குள் வைத்து, கட்டைவிரலால் அழுத்திப் பூசியது. பிறகு மூக்குக்கு மண் எடுத்தது.