நடுங்காத கை

சங்ககிரி புறவழிச்சாலையின் கடைசி டீக்கடையில் லாரிகள் நிற்பது டீக்காக மட்டுமல்ல, வளையம் மாற்றிக்கொள்ளவும்தான். ஒவ்வொரு ஓட்டுநரின் இடது மணிக்கட்டிலும் சாம்பல் நிறத்தில் ஒரு வளையம் இருக்கும். அந்தக் கை ஸ்டீயரிங்கைத் தொட்டதும் வண்டியில் இருக்கும் தடப்பெட்டி ஆளை அடையாளம் கண்டு பெயர் சொல்லி வணக்கம் வைக்கும். பிறகு பிரேக்கில் விழும் ஒவ்வொரு மிதியும், வளைவில் ஒடிக்கும் ஒவ்வொரு ஒடிப்பும், பிடி தளரும் கணமும் அந்தப் பெயரில் பதிவாகும். அந்தப் பதிவிலிருந்து காலையில் ஓர் எண் வரும். அதற்கு இடர்மதிப்பு என்று பெயர். அன்றைக்கு வண்டிக்கு என்ன பிரீமியம், அந்த ஆளுக்கு வண்டி உண்டா இல்லையா என்பதெல்லாம் அந்த எண் வைத்த சட்டம். எண் எல்லை தாண்டினால் எஞ்சின் உறுமக்கூட உறுமாது.

முதலில் முகத்தைப் பார்க்கும் கேமராதான் வருவதாக இருந்தது. வீட்டை விட்டு வந்தவன் தனியாக அழுதால்கூட அதையும் பார்க்குமா என்று கேட்டு லாரிக்காரர்கள் வண்டிகளை நிறுத்திப் போட்டார்கள். காப்பீட்டு நிறுவனங்கள் இறங்கிவந்து கேமராவுக்குப் பதில் வளையத்தைக் கொடுத்தன. தன்னை யார் போட்டிருக்கிறார்கள் என்பது வளையத்துக்குத் தெரியாது. இரட்டை ஓட்டுநர் வண்டிகளில் இதைக் கண்டுபிடிக்க வெகு காலம் ஆகவில்லை. தூக்கம் கெட்டவன் மற்றவனின் வளையத்தைப் போட்டுக்கொண்டு ஓட்டுவான். இன்னொரு நாள் அதே வளையத்தோடு நன்றாக ஓட்டி அந்த உதவியைத் திருப்பிச் செய்வான். சிநேகிதத்துக்கு அந்தச் சாலையில் வேறு அடையாளம் தேவைப்படவில்லை.

நாச்சிமுத்துவும் சென்னியப்பனும் ஒரே வண்டி. நாச்சிமுத்துவின் தங்கை கோகிலவாணியைத்தான் சென்னியப்பன் கட்டியிருந்தான். ஆடி மாதத்திலிருந்து சென்னியப்பனின் எண் ஏறிக்கொண்டே போனது. கையை மடக்கிப் படுத்துவிட்டதால் வலி, வேறொன்றுமில்லை என்றான். இன்னும் கொஞ்சம் ஏறினால் வண்டியை விட்டு இறக்கிவிடுவார்கள். ஸ்டீயரிங் தவிர வேறு எதையும் பிடித்துப் பழகாதவன் அவன். அன்று டீக்கடையில் நாச்சிமுத்துதான் தன் வளையத்தைக் கழற்றி நீட்டி, சென்னியப்பனுடையதை வாங்கி மாட்டிக்கொண்டான்.

"ஒரு நடைக்குப் போட்டுக்கங்க மாப்ள. கை சரியானதும் குடுங்க."

ஒரு நடை என்பது மழைக்காலம் முழுக்க நீண்டது. நாச்சிமுத்துவின் கை ஓட்டியதெல்லாம் சென்னியப்பன் பெயரில் சேர்ந்தது. சென்னியப்பனின் எண் இறங்கி இறங்கி, கடைசியில் அவனுக்குப் பொன்தரம் கிடைத்தது. பொன்தரத்துக்காரனை யாரும் நேரலையில் கண்காணிப்பதில்லை. அவனுக்குத் துணை ஓட்டுநரும் வேண்டாம். அவனுடைய பெட்டியைத் தை பிறந்த பிறகுதான் திறந்து பார்ப்பார்கள். நல்லவனைக் கவனிக்காமல் விடுவதுதான் நிறுவனம் தரும் பரிசு. கடைக்காரன்கூட, மாலை போடலாமா ஐயா என்று சென்னியப்பனைக் கிண்டல் செய்தான்.

கை சரியாகிவிட்டது என்று சென்னியப்பன் வளையத்தைத் திருப்பிக் கொடுத்தான். அதை மாட்டிய அன்று நாச்சிமுத்துவுக்கு வண்டி வணக்கம் சொல்லவில்லை. சேலத்துக் காப்பீட்டு அலுவலகத்துக்கு வரச்சொல்லி அழைப்பு வந்தது.

அங்கே பெட்டிகளின் பதிவைப் படித்து முடிவு சொல்லும் இடர்வாசகி ஜெசிந்தா அவனை உட்காரவைத்து, மோர் கொடுத்து, இதமாகவே பேசினாள். அவன் பெயரில் உள்ள பதிவில், ஸ்டீயரிங்கில் ஒரு சின்ன அலைவைப் பெட்டி கண்டிருக்கிறது. கண்ணுக்கும் டாக்டருக்கும் தெரிய இன்னும் நாளாகும். அது நரம்பு நோயின் தொடக்கம். போகப்போகக் கை சொன்ன பேச்சைக் கேட்காது. மருந்தும் மாதச் சம்பளமும் நிறுவனமே தரும், லாரி பள்ளத்தில் கிடப்பதைவிட ஆள் வீட்டில் இருப்பது எல்லோருக்கும் நல்லது என்றாள்.

நாச்சிமுத்து இரண்டு கைகளையும் மேசைக்கு மேலே நீட்டினான். அவை அசையவில்லை. அப்போதுதான் அவனுக்குச் சென்னியப்பனின் கை நினைவுக்கு வந்தது. மழைக்காலம் முழுக்கத் தன் வளையத்தைப் போட்டு ஓட்டியது அந்தக் கைதான்.

நடந்ததை எல்லாம் சொன்னான். வளையம் மாற்றியது குற்றம், சிறைக்குப் போனாலும் சரி, அந்த வண்டியை நிறுத்துங்கள் என்றான். ஜெசிந்தா குறுக்கிடாமல் கேட்டாள். சென்னியப்பனின் பக்கத்தைத் திறந்து பார்த்தாள்.

"இந்த மாவட்டத்துலயே இவரு கை மாதிரி நிதானமான கை இல்லைங்க. இவரையா நிறுத்தச் சொல்றீங்க?"

"அது என்ற கைங்க, அம்மா. ஓட்டுனது நானுங்க."

அவள் பரிவோடு அவனைப் பார்த்தாள். தனக்கு நோய் இல்லை, வேறொருவருக்குத்தான் என்று சொல்வது இந்த நோயில் வழக்கம்தான், அதற்கும் மாத்திரை உண்டு என்றாள். அவன் மேல் வழக்குப் போடும் அளவுக்குக்கூட அவள் அவனை நம்பவில்லை.

நாச்சிமுத்து நேரே டீக்கடைக்குப் போனான். திம்பம் மலைப்பாதைக்குச் சரக்கு ஏற்றிக்கொண்டு சென்னியப்பன் தனியாகக் கிளம்பிக்கொண்டிருந்தான். நாச்சிமுத்து அவன் காதருகே விஷயத்தைச் சொன்னான். சென்னியப்பன் சிரித்தான். கோபப்பட்டிருந்தால்கூட நாச்சிமுத்துவுக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

"மச்சா, நோவு உனக்குன்னுதான வந்திருக்குது? எனக்கு எப்பிடி எழுதிவெக்கிற?"

"ஓட்டுனது யாருன்னு உங்களுக்குத் தெரியாதா மாப்ள?"

"கொஞ்ச நாள் நீ ஓட்டுன, சரி. நானும் ஓட்டியிருக்கறனல்லோ. பெட்டி பொய் சொல்லுமா? பொன்தரம்னு போட்டிருக்குது. அதுக்கப்பறம் என்ற கை கல்லாட்டம் நிக்குது."

பேசிக்கொண்டே அவன் டீ கிளாஸைத் தட்டில் வைத்தான். கிளாஸ் தட்டில் கடகடவென்று ஆடியது. சென்னியப்பனுக்கு அது கேட்கவில்லை. அல்லது கேட்காமல் இருக்கப் பழகியிருந்தான். நாச்சிமுத்து சாவியைப் பிடுங்கப் பார்த்தான், வண்டி முன்னால் போய் நின்றான். கடையில் இருந்தவர்கள் அவனைத் தோளில் கைவைத்து விலக்கினார்கள். பாவம், நோய்க்காரன், பொறாமையும் சேர்ந்துகொண்டது என்று பேசிக்கொண்டார்கள். வண்டி சென்னியப்பனுக்கு வணக்கம் சொல்லிவிட்டுக் கிளம்பியது.

அன்று பிற்பகல், மலையின் ஒரு கொண்டை ஊசி வளைவில் லாரி திரும்பவில்லை. தடுப்புச் சுவரை உடைத்துக்கொண்டு சென்னியப்பனோடு பள்ளத்தில் விழுந்தது. விசாரணை சீக்கிரமே முடிந்தது. ஓட்டுநர் பொன்தரம், எனவே தவறு அவருடையதல்ல; பிரேக் பிடிக்கவில்லை என்று எழுதி நிறுவனம் இழப்பீட்டைத் தாமதமில்லாமல் கொடுத்தது. அறிக்கையில் சென்னியப்பனைப் பற்றி இருந்த வரிகளைக் கோகிலவாணி கண்ணாடிச் சட்டம் போட்டு அவன் படத்துக்குப் பக்கத்தில் மாட்டினாள்.

காரியம் முடிந்த மறுநாள் நாச்சிமுத்து அவளிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுவது என்றுதான் போனான். அவள் பேசவிடவில்லை. அவன் கைகளை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள்.

"அவருக்கே பிரேக்கு புடிக்கலீன்னா, உன்ற கையை வெச்சுக்கிட்டு நீ என்ன பண்ணியிருப்பண்ணா? நல்லவேளை, அந்தப் பெட்டி உன்னையாவது முன்னாலயே எறக்கிவுட்டுருச்சு. எனக்குன்னு இப்ப நீதான் இருக்கிற."

நாச்சிமுத்து வாயைத் திறந்தான். சுவரில் பொன்தரம் என்ற எழுத்து மினுங்கியது. சொன்னால் அவளிடம் மிஞ்சியிருப்பதில் எது நிற்கும் என்று தெரியவில்லை. அவள் மடியில் கிடந்த அவன் கை, அவன் வாழ்நாளில் முதல்முறையாக, நடுங்கத் தொடங்கியது.

கோகிலவாணி அதை இரண்டு கைகளாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"இன்னைக்கு மாத்திரை போட்டியாண்ணா?" என்று கேட்டாள்.