ஜன்னலில் நின்ற வெள்ளைச் சல்லா

வால்பெக் மாளிகையின் இளைய பிரபு திபோ வாசலில் வந்து நின்றபோது, யோஸ் ரொட்டித் துண்டைப் பீர்க் கஞ்சியில் தோய்த்துக்கொண்டிருந்தார். ஆற்றங்கரையில் இருந்த அந்த ஊரின் நீதிமன்றத்துக்காகத் திருட்டு, பொய்ச்சாட்சி போன்றவற்றை விசாரித்துச் சொல்வது யோஸின் வேலை. எதற்கும் அவசரப்படாத மனிதர். அவருக்கும் சேர்த்து அவசரப்பட மனைவி கோதெலீவ் இருந்தாள்.

"உக்கார நேரமில்ல" என்றான் திபோ. "அண்ணியோட கல்யாணக் கூம்பு காணாமப் போச்சு. இன்னிக்கு உச்சி மணி அடிக்கறதுக்குள்ள அது வேணும்."

கோதெலீவின் கையில் கரண்டி நின்றது. அவள் ஊர்க்காரி, தலைக்கு லினன் முக்காடுதான் அவளுக்கு விதி. ஆனால் சந்தை நாட்களில் பிரபுக் குலத்துப் பெண்கள் கூம்புத் தொப்பியும் அதன் உச்சியில் தொங்கும் மெல்லிய சல்லாத் துணியுமாகப் போவதைப் பார்க்க, வாங்க வந்ததை மறந்து நிற்பாள்.

"பொன்சரிகை வெச்சதா? உச்சியிலேர்ந்து இடுப்பு வரைக்கும் வெள்ளைச் சல்லா தொங்குமே, அதுவா?"

"அதேதான்."

"ஐயா சொல்லட்டும் கோதெலீவ்" என்றார் யோஸ்.

திபோ சொன்னான். அவன் அண்ணன் ஆர்னூல் கிழக்கே துருக்கியரை எதிர்த்துப் போருக்குப் போனவன். அதன்பின் ஒரு சொல்லும் வரவில்லை. இத்தனை ஆண்டு கடந்ததால் அவனை இறந்தவனாகக் கொள்ளலாம் என்று திருச்சபை இப்போது அனுமதித்துவிட்டது. ஆனால் வால்பெக் குடும்பத்துக்கு ஒரு வழக்கம் உண்டு. மணநாளில் அணிந்த கூம்பை மனைவி தன் கையாலேயே கழற்றிப் பீடத்தின் முன் வைத்து, விதவையின் லினனைக் கட்டிக்கொள்ள வேண்டும். அது நடக்கும்வரை கணவன் உயிரோடிருப்பதாகத்தான் கணக்கு.

"அது நடந்தாத்தான் மாளிகை எனக்கு வரும். எனக்கு நிச்சயம் பண்ணின பொண்ணோட அப்பா இன்னொரு வசந்தம் காத்திருக்க மாட்டாராம். நேத்து சாயங்காலம் கூம்பைப் பெட்டியில வெச்சவ பணிப்பொண்ணு கத்லைன். காலைல பெட்டி காலி. உச்சிக்குள்ள கிடைக்கலேன்னா அவளக் காவல்காரங்ககிட்ட ஒப்படைச்சிடுவேன்."

வேலைக்காரி திருடினால் ஒரு காதை அறுத்து ஊரைவிட்டுத் துரத்துவார்கள். அது மூவருக்கும் தெரியும். யோஸ் கஞ்சியை முடிக்காமலே எழுந்தார்.

படித்துறையில் அப்பளம்போல் மெல்லிய தேன்பணியாரத்தைக் கூம்பாகச் சுருட்டி விற்கும் கிழவியிடம் கோதெலீவ் ஐந்து வாங்கிப் பையில் போட்டுக்கொண்டாள். "துப்புத் துலக்கப் போறோமா, திருவிழாவுக்கா?" என்றார் யோஸ். "பசிச்சா ரெண்டுக்கும் மூளை ஓடாதுங்க" என்றாள் அவள்.

ஆறு வளையும் இடத்தில் படகிலிருந்து மாளிகைக் கோபுரத்தின் ஒற்றை ஜன்னல் தெரிந்தது. திபோ அதைக் காட்டினான். "அண்ணன் போகும்போது இந்த வளைவுலதான் திரும்பிப் பாத்தான். அண்ணி அங்க நின்னா. முகம் தெரியல, சல்லா மட்டும் தெரியுதுன்னு படகுக்காரன்கிட்ட சொன்னானாம். அன்னிலேர்ந்து பொழுது சாயற நேரத்துல அதே கூம்போட தினமும் நிக்கறா. மழை பெஞ்சாலும் நிக்கறா."

கரை வரும்வரை கோதெலீவ் அந்த ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தாள். பையிலிருந்த பணியாரத்தைக்கூட மறந்துவிட்டாள்.

மாளிகையில் அமெலின் நாச்சியார் அவர்களை வரவேற்றாள். கூம்புக்காக முடி மழித்த உயர்ந்த நெற்றியில், வீட்டுக்குள் கட்டும் சாதாரணத் துணி ஒட்டாமல் கிடந்தது. அறை மூலையில் பிரம்புப் பெட்டி திறந்திருந்தது. ஒரு குழந்தை நிற்கலாம், அவ்வளவு உயரம்.

"ராத்திரி யாராவது வெளிய போனாங்களா?" என்றார் யோஸ்.

"தூக்குப்பாலம் காலைல தம்பி கிளம்பறப்பதான் இறங்கிச்சு. போனது அவர் மட்டும்தான். அவரும் வெறுங்கையோட போனதைக் காவல்காரன் பாத்திருக்கான்" என்றாள் அமெலின். "வீட்டையே கவுத்துட்டாங்க. வைக்கோல், கிணறு, மாவுப் பீப்பாய், ரொட்டி அடுப்பு, எல்லாரோட பெட்டியும். மடிக்கற பொருளும் இல்ல. உள்ள கம்பியும் கஞ்சி போட்ட துணியும். மடிச்சா உடைஞ்சிடும்."

"நாச்சியாருக்கு அது கிடைக்கணும்னு இருக்கா?"

அமெலின் காலிப் பெட்டியையே பார்த்தாள். "கிடைக்கணும்" என்றாள், யாருக்கோ கேட்கக்கூடாது என்பதுபோல.

"அண்ணி தூங்கவே இல்ல" என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. கோதெலீவ் திடுக்கிட்டுத் திரும்பினாள். நெடிய பெண்ணொருத்தி வந்து நின்றதே தெரியவில்லை. காலில் மிருதுவான துணிச் செருப்பு. ஆர்னூலோடு ஒரே பேற்றில் பிறந்த இரட்டைத் தங்கை பெரோன். மணம் செய்துகொள்ளாமல் பிறந்த வீட்டிலேயே இருப்பவள். அவள் தலையில் பழைய பாணியில் அடி பருத்த கறுப்புக் கூம்பு, அதன் உச்சியில் வெளிறிய சல்லா. கழுத்தை ஒரு பக்கமும் சாய்க்காமல் நின்றாள். இந்த வீட்டில் கூம்பு அணிபவர்கள் அமெலினும் அவளும்தான்.

வெளியே வந்ததும் கோதெலீவ் கணவனின் காதருகே வந்தாள். "பெரோன் நாச்சியார் சல்லாவோட மேல்முனையில கரி, பாத்தீங்களா? பணிப்பொண்ணைப் பூட்டி வெச்சா வெளுக்க ஆளில்லாம இப்படித்தான்."

கத்லைன் துணி வெளுக்கும் அறையில் அடைபட்டிருந்தாள். கண் வீங்கியிருந்தாலும் வாய் வீங்கவில்லை. "முக்காடு போட்டா காது இல்லாதது தெரியாதுன்னு சமையல்காரன் ஆறுதல் சொல்லிட்டுப் போறான். அவன் காதைக் குடுக்கச் சொல்லுங்க."

"ரெண்டு நாச்சியாருக்கும் தலை கட்டறது நீதானே?" என்றார் யோஸ்.

"நான்தான். ஆனா இன்னிக்கு நான் போறதுக்குள்ள பெரோன் நாச்சியார் தானே கட்டிக்கிட்டு ஜெபத்துக்குப் போயிட்டாங்க. ஜெபத்துல தலை குனியக்கூட இல்ல. மனசு சரியில்ல போலிருக்கு."

கோதெலீவுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. முற்றத்துக்கு வந்ததும் சொன்னாள்: "அமெலின் நாச்சியார்தான் ஒளிச்சு வெச்சிருக்காங்க. கழட்ட மனசில்ல. எந்தப் பொம்பளைக்கு மனசு வரும்?"

"காலிப் பெட்டியப் பாத்தாங்களே, அந்தப் பார்வைய நீ பாக்கல. பொருளை ஒளிச்சவ அதை அப்படித் தேட மாட்டா."

யோஸ் மாளிகையின் சிற்றாலயத்துக்கு நடந்தார். ஆள் உயரத்துக்குச் சற்றே மேலான வாசல். அதன் மேல்சட்டத்தை ஒட்டி அணையா விளக்கு ஒன்று தொங்கியது. சட்டம் முழுவதும் புகைக்கரி. அந்தக் கரியில் ஓரிடத்தில் மட்டும் விரல் அகலத்துக்கு மரம் வெளுப்பாகத் தெரிந்தது. விளக்கைப் பார்த்துக்கொள்ளும் ஊழியனைக் கூப்பிட்டுக் கேட்டார்.

"இன்னிக்கு ஆனதுதாங்க. மட்டமான எண்ணெய். ஒரு ராத்திரி எரிஞ்சாப் போதும், எந்தக் கீறலையும் மூடிடும்" என்றான் அவன்.

வாசலை அடுத்த கல்பலகையில் உட்கார்ந்து கோதெலீவ் பையைத் திறந்தாள். அவள் முகம் மாறியது. "அஞ்சு வாங்கினேன். ஒண்ணுதான் இருக்கு. கிழவி ஏமாத்திட்டா." பணியாரத்தைத் தூக்கிப் பார்த்தவள் கனம் அதிகமாயிருக்கவே அடியை இழுத்தாள். உள்ளிருந்து இன்னொன்று வந்தது. அதற்குள்ளிருந்து மற்றொன்று. "அடியம்மா, ஒண்ணுக்குள்ள ஒண்ணு செருகி வெச்சிருக்கா. அநியாயமா திட்டிட்டேன்."

யோஸ் நீட்டிய கை பணியாரத்தைத் தொடாமலே நின்றது.

"கோதெலீவ், கூம்பு வெச்சவங்க தாழ்ந்த வாசல்ல எப்படிக் குனிவாங்க?"

"தலையக் குனிய முடியாது, கூம்பு விழுந்திடும். முழங்காலத்தான் மடிப்பாங்க. சந்தையில எத்தனை பாத்திருக்கேன். பழகின வாசல்னா பேசிக்கிட்டே மடிச்சு எழுந்திரிப்பாங்க, அளவு காலுக்கே தெரியும்." அவள் எழுந்து நடந்தே காட்டினாள்.

"காலுக்கே தெரியும்" என்று திருப்பிச் சொன்னார் யோஸ். "எல்லாரையும் இங்க வரச் சொல்லு."

எல்லோரும் வந்ததும் யோஸ் திபோவை மரியாதையாக வெளியே அனுப்பினார். "என் வீட்டு விஷயத்துல நானே வெளியவா?" என்று அவன் முனகிக்கொண்டே போனான். அமெலின், பெரோன், கத்லைன், கோதெலீவ் நால்வரும் ஆலயத்துக்குள் நின்றார்கள். யோஸ் உள்ளே வரவில்லை. பெண்கள் பக்கம் முதுகு காட்டி, வாசலில் மேல்சட்டத்தைப் பார்த்தபடி பேசினார்.

"இந்தக் கரியில ஒரு கீறல் இருக்கு. இன்னிக்குக் காலைல விழுந்தது. எந்த ஆம்பளை தலையும் இந்த உயரத்துக்கு வராது. முக்காடு போட்ட பொம்பளையும் இல்ல. ஒரு கூம்பு உரசியிருக்கு. அமெலின் நாச்சியாரோட கூம்பு காலைல இல்ல. அப்போ மிச்சம் ஒரே ஒரு கூம்பு. அந்தச் சல்லாவோட மேல்முனையில கரி இருக்குன்னு என் மனைவி சொன்னா."

"நான் வேற அர்த்தத்துல சொன்னேன்" என்றாள் கோதெலீவ் அவசரமாக.

"கூம்பு இடிக்கறது குத்தமில்ல. ஆனா பெரோன் நாச்சியார் இந்த வீட்டுல பிறந்தவங்க. சின்ன வயசுலேர்ந்து தினமும் இந்த வாசல்ல காலை மடிச்சு எழுந்திருக்காங்க. விருந்தாளி இடிச்சுக்கலாம், அவங்க இடிக்க மாட்டாங்க. இன்னிக்கும் கால் வழக்கம்போலத்தான் மடிஞ்சுது. ஆனா கூம்பு வழக்கத்தைவிட உசரமா இருந்துச்சு."

"மரக்கட்டைச் செருப்பு போட்டிருந்தாலும் உசரம் கூடுமே?" என்றாள் கோதெலீவ். தன்னால் ஒருவர் மாட்டுவது அவளுக்குப் பிடிக்கவில்லை.

"போட்டிருந்தா கல்தரையில சத்தம் கேட்டிருக்கும். நாச்சியார் பின்னால வந்தப்ப நீதான் திடுக்கிட்ட. கால் உசரல, கூம்புதான் உசந்திருக்கு. அடி பருத்த பழைய கூம்பு ஒண்ணு. அதுக்குள்ள ஒல்லியான கூம்பு ஒண்ணு போனா, மேல இருக்கறது கொஞ்சம் தூக்கிட்டுத்தான் நிக்கும், பணியாரம் மாதிரி. எல்லார் பெட்டியையும் தேடினவங்க தலைய யாரும் தேடல. கத்லைன் கை பட்டா தெரிஞ்சிடும்னு நாச்சியார் தானே தலை கட்டிக்கிட்டாங்க. கனம் கூடினதால கழுத்தையும் சாய்க்கல." யோஸ் நிறுத்தினார். "நான் திரும்ப மாட்டேன். நாச்சியார் கூம்பு கழட்டறதை ஆம்பளைங்க பாக்கக்கூடாதுன்னுதான் ஐயாவையும் வெளிய அனுப்பினேன்."

பெரோன் இரண்டு கைகளையும் உயர்த்தி ஊசிகளைப் பிடுங்கினாள். கறுப்புக் கூம்பு எழுந்து வந்தது. அதன் கீழே பொன்சரிகை மின்னியது. உள்ளே திணித்திருந்த நீண்ட சல்லா அவிழ்ந்து தரைவரை விழுந்தது.

"திருடணும்னு எடுக்கல" என்றாள். "ஒரே மணியோசையில பிறந்தோம், அவனும் நானும். அண்ணி இதைக் கழட்டிட்டா அவன் செத்ததாயிடும். ஜன்னல்ல யாரும் நிக்க மாட்டாங்க. அவன் அந்த வளைவுக்கு வந்து பாத்து, ஜன்னல் காலியா இருந்தா?"

"என் காது?" என்றாள் கத்லைன்.

"மணி அடிக்கறதுக்குள்ள சொல்லியிருப்பேன்."

"எந்த மணி, நாச்சியார்? அறுக்கறதுக்கு முன்னாடியா, பின்னாடியா?"

பெரோன் கறுப்புக் கூம்பைக் கீழே வைத்துவிட்டுக் கத்லைனின் பக்கம் வந்தாள். "என்னை மன்னிச்சிடு" என்றாள். கத்லைன் தலையாட்டவுமில்லை, மறுக்கவுமில்லை.

அமெலின் கூம்பை வாங்கிக்கொண்டாள். "பெரோன், உனக்கு ஜன்னல் வேணும். எனக்கு என்ன வேணும்னு ஒரு நாளாவது கேட்டியா? அவர் இருக்கார்னா நான் சிரிக்கணும். இல்லேன்னா அழணும். இத்தனை வருஷமா ரெண்டும் இல்லாம இதைத் தலையில தூக்கிட்டு நிக்கறேன். ஒரு தடவை, வாய் விட்டு, அவருக்காக அழணும் எனக்கு. அதுக்குத்தான் இன்னிக்குன்னு காத்திருந்தேன்."

பெரோன் அருகே வந்து அண்ணியின் கையைப் பிடித்தாள். இருவரும் நெற்றியோடு நெற்றி வைத்துக்கொண்டார்கள். கூம்பு இல்லாததால்தான் அது முடிந்தது என்று கோதெலீவ் பிறகு சொன்னாள்.

உச்சி மணி அடித்தது. திபோவிடம் யோஸ் இவ்வளவுதான் சொன்னார்: "கிடைச்சிடுச்சு. கத்லைன் எடுக்கல." யார் என்று கேட்க வாயெடுத்தவன், அண்ணி கூம்போடு பீடத்தை நோக்கி நடப்பதைப் பார்த்து நிறுத்திக்கொண்டான். கத்லைன்தான் லினனைக் கட்டிவிட்டாள். கூம்பை வைக்குமுன் அமெலின் அதன் உச்சியிலிருந்து சல்லாவை ஊசி ஊசியாகக் கழற்றினாள்.

"கூம்பு வழக்கத்துக்கு" என்று பெரோனிடம் நீட்டினாள். "இது உனக்கு."

பிறகு அமெலின் அழுத குரல் முற்றம் தாண்டி ஆறுவரை கேட்டது. யாரும் போய்த் தேற்றவில்லை.

பொழுது சாயும்போது படகு வளைவுக்கு வந்தது. கோதெலீவ் திரும்பிப் பார்த்தாள். கோபுர ஜன்னலில் வெள்ளைச் சல்லா காற்றில் நீண்டு ஆடியது. அதன் பக்கத்தில் தணிவாக இன்னொரு வெள்ளை, லினனாக இருக்கலாம்.

"அவர் வருவாராங்க?"

"அது என்னால கண்டுபிடிக்க முடியாதது."

"இங்கேர்ந்து பாத்தா யார் நிக்கறாங்கன்னே தெரியல."

"அவருக்கும் தெரியாது" என்றார் யோஸ். "யாரோ நிக்கறாங்கன்னு தெரியும்."

கோதெலீவ் கையை உயர்த்தி அசைத்தாள். யோஸ் அவளைத் தடுக்கவில்லை. ஆறு வளைந்து ஜன்னல் மறையும்வரை படகுக்காரனும் துடுப்பைப் போடாமல் வைத்திருந்தான்.