கதவின் வெளிப்பக்கம்

கதவைத் திறந்தவள் மனைவிதான். திறந்த கையோடு பின்னால் நகர்ந்து, வந்தவர்களுக்கு வழிவிட்டாள். நல்ல பகல். ஜன்னல்கள் எல்லாம் திறந்தே கிடந்தன. ஆனாலும் உள்ளே, ஈரத்துணியை நாள்கணக்கில் மூடி வைத்தது போல ஒரு வாடை.

சுவடு பார்ப்பவள் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனாள். நீதிமன்றத்தில் அவளைக் கைக்காரம்மா என்பார்கள். மனிதர் தொட்ட இடத்தில் தொட்டவரின் சுவடு தங்கிவிடும். அது யாருடையது, சூடாக இருக்கிறதா, ஆறிவிட்டதா என்று சொல்வது அவள் வேலை. திருட்டோ, பாகப் பிரிவினையோ, சுவர்த் தகராறோ, சாட்சிக்கு ஆள் வேண்டாம். அவள் கை போதும்.

கூட வந்த நீதிமன்ற அமீனா வாசலிலேயே நின்றுகொண்டார். மூட்டுவலியாம், படியேற முடியாதாம். அந்த வீட்டுக்குப் படியே கிடையாது.

வழக்கு இதுதான். கணவன் செத்து நாலு மாதம் ஆகிறது. ஆனால் சட்டப்படி, செத்தவரின் சுவடு ஆறினால்தான் கல்யாண பந்தம் அறும். அதுவரை அவள் அவருடைய மனைவி. அந்த வீட்டை விட்டு ஓர் இரவுகூட வெளியே தங்கக் கூடாது. ஆறிவிட்டது, என்னைப் போகவிடுங்கள் என்று மனு போட்டிருந்தாள் அவள். ஆறவில்லை என்று எதிர்மனு போட்டவள் செத்தவரின் அக்கா.

அக்கா கூடத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, தாயில்லாத பிள்ளையை இடுப்பை விட்டு இறக்காமல் வளர்த்த கதையைச் சொல்லிக்கொண்டிருந்தாள். எறும்பைக்கூட மிதிக்கமாட்டானாம்.

"தனியா விட்டுட்டுப் போனா தாங்கமாட்டான்மா," என்றாள். "சின்னதிலேர்ந்தே அவனுக்கு இருட்டுன்னா பயம்."

மனைவி சுவரைப் பார்த்தபடி நின்றாள்.

கைக்காரம்மா தன் சாம்பல் பொடியை உள்ளங்கையில் கொட்டி, மெல்ல ஊதிக்கொண்டே நடந்தாள். பொடி பட்ட இடமெல்லாம் சுவடுகள் நீலமாக எழுந்தன. மனைவியுடையவை வெதுவெதுப்பாக இருந்தன. அவருடையவை நாற்காலியிலும் கட்டிலிலும் விளக்குச் சுவிட்சிலும் கல்லாய்க் குளிர்ந்து கிடந்தன. நல்லவேளை, பாவம் பிழைத்தாள் என்று நினைத்தாள். மிச்சம் குளியலறை ஒன்றுதான்.

அந்தக் கதவின் உள்பக்கத்தில் ஊதியவள், பொடி தீர்ந்த பிறகும் அப்படியே நின்றுவிட்டாள்.

கதவு முழுக்க மனைவியின் கைகள். விரல்களை அகல விரித்து, ஒன்றின்மேல் ஒன்றாக, தாழ்ப்பாளைச் சுற்றிலும். கீழே தரையை ஒட்டி முதுகின் சுவடு. அது பல வருஷங்கள் சாய்ந்து, அண்டக்கொடுத்து, தள்ளிப் பிடித்த முதுகு.

வெளிப்பக்கத்தில் ஒரே ஒரு கை.

பெரிய கை.

அதன்மேல் தன் கையை வைத்தாள்.

சூடாக இருந்தது.

வெடுக்கென்று எடுத்துக்கொண்டாள். தொழிலில் முதல் பாடம் அது: ஒரு மூச்சுக்கு மேல் கையை வைக்கக் கூடாது. வைத்தால் சுவடு இருந்த இடத்தை விட்டுக் கையோடு வந்துவிடும். அப்படி வந்தது திரும்பப் போனதாக யாரும் சொன்னதில்லை.

"சூடா இருக்கா?"

மனைவி பின்னால் வந்து நின்றிருந்தாள். மூச்சுக்காற்றை விட மெதுவான குரல்.

"எப்பல்லாம் வருது?"

"தினமும்தான். முந்தி கத்துவார். இப்ப கத்துறதில்லை." அவள் உதட்டை ஈரப்படுத்திக்கொண்டாள். "தள்ளுறது மட்டும்தான். நான் ஆறிடுச்சுன்னு மனு போட்டது பொய்தான் கைக்காரம்மா. நீங்களும் அந்தப் பொய்யைச் சொல்லிடுங்களேன்."

சொல்ல வழியில்லை. சத்தியக் கல்லின்மேல் கை வைத்துத்தான் சாட்சி சொல்ல வேண்டும். பொய் என்றால் கல் கறுத்துவிடும். மனு தள்ளுபடியாகும், மறுமனு கிடையாது. இவள் ஆயுசுக்கும் இந்தக் கதவுக்கு முதுகு கொடுத்துக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

"நீங்க கொஞ்சம் கூடத்துல இருங்க," என்றாள் கைக்காரம்மா.

வலது கையை மறுபடி அந்தச் சுவட்டின்மேல் வைத்தாள்.

ஒரு மூச்சு.

இன்னொன்று.

ஈர வாடை நெருங்கி வந்தது. அதற்குள்ளே வியர்வையும் சவரச் சோப்பும் மணத்தன. மரத்துக்குள் ஏதோ முனகியது.

அவளுடைய விரல்களுக்குக் கீழே வேறு விரல்கள் அசைந்தன.

எதையோ தேடின.

அவள் கையை எடுக்கவில்லை. சூடு மணிக்கட்டைத் தாண்டி முழங்கைக்கு ஏறியது. கதவு கொஞ்சம் கொஞ்சமாகச் சில்லிட்டுப் போனது.

மறுநாள் காலையில் நீதிமன்றத்தில் இடது கையைக் கல்லின்மேல் வைத்துச் சாட்சி சொன்னாள். அந்த வீட்டில் இறந்தவரின் சூடான சுவடு எதுவும் இல்லை. கல் வெளுப்பாகவே இருந்தது. தீர்ப்பைக் கேட்டதும் மனைவி ஒரு சின்னப் பையை மட்டும் தூக்கிக்கொண்டு கிளம்பினாள். வாசல்வரை நடந்தாள், அதற்குப் பிறகு ஓடினாள். பஸ்ஸை விட்டவள் மாதிரி ஓடுகிறாளே என்று அமீனா சிரித்தார்.

கைக்காரம்மா தாழ்வாரத்து பெஞ்சில் உட்கார்ந்தாள். வலது கையைத் துண்டில் சுற்றி மடியில் வைத்திருந்தாள். ராத்திரி முழுக்க அதைக் கட்டிலுக்கு வெளியே தொங்கவிட்டுத்தான் படுத்தாள்.

அக்கா வந்தாள். வாயில் வந்தபடி ஏசப்போகிறாள் என்று கைக்காரம்மா காத்திருந்தாள். அக்கா ஏசவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து, மூக்கை உறிஞ்சி எதையோ மோந்து பார்த்தாள். பிறகு கேட்காமலே துண்டை அவிழ்த்து, அந்தக் கையைத் தன் கைக்குள் பொத்தி வைத்துக்கொண்டாள்.

"இங்கதான் இருக்கியாப்பா?"

அவள் கைக்காரம்மாவின் முகத்தைப் பார்க்கவே இல்லை.

"பயந்துட்டியா? அக்கா வந்துட்டேன்ல."

கைக்காரம்மா கையை இழுத்தாள். கை வரவில்லை.

விரல்கள் ஒவ்வொன்றாக மடங்கி அக்காவின் கையைப் பற்றின. மடக்கியது அவள் இல்லை.

அக்காவின் முகம் மலர்ந்தது.

பிடி இறுகியது.

அக்கா முதலில் சிரிப்பை விடவில்லை. பிறகு அது மெல்ல மெல்லக் கரைந்தது. அவள் கண்ணில் நீர் திரண்டது. தாழ்வாரத்தில் போகிறவர்களுக்குக் கேட்காதபடி குனிந்து, அந்தக் கையிடம் கிசுகிசுத்தாள்.

"விடுப்பா. அக்காவுக்கு வலிக்குது."

விரல்கள் விடவில்லை.