நாலு மணி ஆறு நிமிடத் தேடல்

நாலாவது மாடியிலிருந்து விழுந்தவருக்கு நாற்பத்திரண்டு வயது.

விழுந்த இடம், தினமும் அவர் பைக் நிறுத்தும் இடம். அன்று பைக் ஓரமாக நின்றது. அவர் நடுவில் கிடந்தார்.

மொட்டை மாடிச் சுவர் மேல் அவருடைய போன் மட்டும் பத்திரமாக இருந்தது. கடைசியாக இணையத்தில் தேடிய வரி திரையிலேயே நின்றது.

'நாற்பத்திரண்டு வயது ஆண் நாலாவது மாடி விழுந்தால் பிழைக்க வாய்ப்பு'

மறுநாள் காலை பதினொரு மணி. இன்ஸ்பெக்டர் அந்த வரியை ஒரு தாளில் எழுதி மேஜை மேல் வைத்தார். எதிரே செத்தவரின் தங்கை. பக்கத்தில் அவள் புருஷன்.

இதைவிடத் தோதான ஆட்கள் அவருக்குக் கிடைத்திருக்க முடியாது. புருஷன் பெண்டாட்டி இருவருக்கும் ஒரே கம்பெனி, ஒரே வேலை. ஜனங்கள் இணையத்தில் அரைகுறையாகத் தட்டிவிடும் வார்த்தைகளைப் பார்த்து, அந்த ஆள் நிஜமாக எதைத் தேடுகிறான் என்று முழு வரியாக எழுதித் தர வேண்டும். ஒரு நாளைக்கு முந்நூறு. புருஷன் அதில் கில்லாடி. ஆபீசில் அவனுக்கு அகராதி என்றே பெயர்.

"இதுக்கு என்ன அர்த்தம்?" என்றார் இன்ஸ்பெக்டர்.

அகராதி தொண்டையைக் கனைத்துக்கொண்டான்.

"மூணு அர்த்தம் வரும் சார். சாகப் போறவர் கடைசியா யோசிக்கிறது ஒண்ணு. யாரோ விழுந்த செய்தியப் படிச்சிட்டுத் தேடறது ரெண்டு. மாடிச் சுவர் குட்டையா இருக்கேங்கற பயம் மூணு. மச்சான் ஒரு மாசமாவே சரியில்ல... முதல் அர்த்தம்தான் சார்."

தங்கைக்கு எதுவும் காதில் ஏறவில்லை. நேற்று அண்ணன் அவளை மூன்று முறை கூப்பிட்டிருந்தார். கம்பெனியில் போனை வாசலிலேயே வாங்கி, நேரத்தை நோட்டில் எழுதி, பெட்டியில் பூட்டிவிடுவார்கள். ஆறு மணிக்கு வெளியே வந்துதான் பார்த்தாள். கடைசி அழைப்பு மூணு ஐம்பத்தெட்டு.

எடுத்திருந்தால் அண்ணன் பிழைத்திருப்பார்... ராத்திரி முழுக்க அதையே சொல்லி அழுதாள். தலையைத் தடவிக் கொடுத்தவன் அகராதிதான்.

தாளைக் கையில் எடுத்தாள். ஒரு முறை படித்தாள். மறுபடி படித்தாள்.

"சார், இது யாரும் தேடின வரி இல்ல."

"பின்ன?"

"தேடறவங்க தெரியாததை மட்டும்தான் கேப்பாங்க. அண்ணனுக்குத் தன் வயசு தெரியாதா? தான் ஆம்பளைன்னு தெரியாதா? அதெல்லாம் யாரும் தட்ட மாட்டாங்க. 'மாடி விழுந்தா'ன்னு போட்டு நிறுத்திடுவாங்க. நாங்கதான் அதை முழுசாக்குவோம். யாரு, எங்க, என்ன வேணும். இந்த வரிசை மாறினா சூப்பர்வைசர் திருப்பி அனுப்பிடுவார்."

தாளில் விரலை வைத்துக் காட்டினாள்.

"நாற்பத்திரண்டு வயது ஆண்... யாரு. நாலாவது மாடி... எங்க. பிழைக்க வாய்ப்பு... என்ன வேணும். இது கேள்வி இல்ல சார். கேள்விக்கு நாங்க எழுதற அர்த்தம்."

"உங்க அண்ணனுக்கு இந்த வேலை தெரியுமா?"

"அவர் லிஃப்ட் மெக்கானிக் சார்."

அகராதி சிரிக்கப் பார்த்தான். உதடு மட்டும் ஒத்துழைத்தது. துக்கத்தில் ஏதோ உளறுகிறாள் என்றான். நேற்று முழுக்கத் தான் அவளுடைய பக்கத்து சீட்டில்தான் இருந்ததாகவும், அதை அவளே இன்று காலையில் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருப்பதாகவும் நினைவுபடுத்தினான்.

உண்மைதான். கொடுத்திருந்தாள். லீவு சொல்லாமல் பல் டாக்டரிடம் போய்விட்டேன், கம்பெனிக்குத் தெரிந்தால் வேலை போய்விடும் என்று அவன் கெஞ்சினான். நம்பினாள்.

"அப்படியாம்மா?" என்றார் இன்ஸ்பெக்டர்.

அவள் அவனைப் பார்த்தாள். எட்டு வருஷம். முகம் தெரியாத ஜனங்களின் மனசையெல்லாம் படித்தவள், பக்கத்தில் படுத்தவனைப் படிக்காமல் விட்டுவிட்டாள்.

"இல்ல சார். ரெண்டே முக்காலுக்குப் போனார். அஞ்சு மணிக்கு வந்தார். நான் எழுதிக் குடுத்தது பொய். போன் பெட்டி நோட்டப் பாருங்க, அதுல நேரம் இருக்கும்."

இன்ஸ்பெக்டர் வாசலில் நின்ற கான்ஸ்டபிளை உள்ளே கூப்பிட்டார்.

அதற்குப் பிறகு அவன் அதிக நேரம் தாக்குப் பிடிக்கவில்லை. சனிக்கிழமை ஓவர்டைம் எல்லாம் ஓவர்டைமே இல்லை. இன்னொரு வீடு, இன்னொருத்தி, இரண்டு வயதில் ஒரு குழந்தை. அந்தக் கட்டடத்துக்கு லிஃப்ட் ரிப்பேருக்குப் போன அண்ணன், கதவைத் திறந்ததும் கண்டது குழந்தையும் கையுமாக நின்ற மாப்பிள்ளையைத்தான்!

"நேத்து அவர் வீட்டு மொட்டை மாடிக்கு வரச் சொன்னார். 'நீயா சொல்றியா, நான் சொல்லட்டுமா'ன்னு என் கண் முன்னாடியே இவளுக்குப் போன் போட்டார். மூணாவது தடவை போட்டப்ப... போனப் பிடுங்கினேன். தள்ளிட்டேன். தற்கொலைன்னு நினைக்கட்டும்னு அதுலயே அந்த வரியத் தட்டிச் சுவர் மேல வச்சேன்."

"நான் போனை எடுக்கலியேன்னு ராத்திரி பூரா அழுதேனே," என்றாள் அவள். "தெரிஞ்சேதான என் தலையத் தடவினீங்க?"

அகராதிக்கு அந்தக் கேள்விக்கு அர்த்தம் தெரிந்தது. பதில்தான் தெரியவில்லை.

இன்ஸ்பெக்டர் நாற்காலியில் சாய்ந்தார்.

"அகராதி சார், ஒரு விஷயம். வாட்ச்மேனுக்கு விழுந்த சத்தம் கேட்டது நாலு மணி. இந்த வரியத் தேடினது நாலு மணி ஆறு நிமிஷம். தேடினது செத்தவர் இல்லன்னு எனக்கு நேத்தே தெரியும். யார் கைன்னுதான் தெரியல. அதுக்குத்தான் நிபுணருங்க ரெண்டு பேரையும் கூப்பிட்டேன்!"

கான்ஸ்டபிள் அகராதியின் தோளில் கை வைத்தார். அவன் பெண்டாட்டி பக்கம் திரும்பி, யாராவது ஒரு வக்கீலைப் பார்க்கச் சொல்லிக் கெஞ்சினான்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். தன் போனை எடுத்து நிதானமாகத் தட்டினாள். திரையை அவன் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"நாற்பது வயது ஆண், போலீஸ் லாக்கப், நல்ல வக்கீல். வரிசை சரியா இருக்கு பாருங்க... மிச்சத்த நீங்களே தேடிக்குங்க."