கடக்காதவர்களின் கணக்கு

நர்மதாவின் வீடு நெடுஞ்சாலைக்கு இந்தப் பக்கம். சுகன்யாவின் வீடு அந்தப் பக்கம். இருவரும் நான்காம் வகுப்பு.

வாசலில் நின்று கையசைத்தால் ஒருவருக்கொருவர் தெரியும். ஆனால் நடுவே லாரிகள் ஓடிக்கொண்டே இருக்கும். பள்ளிக்கூடம், ரேஷன் கடை, பால் சொசைட்டி எல்லாம் இந்தப் பக்கம்தான். அந்தப் பக்கத்திலிருந்து வருபவர்கள் புதுச்சத்திரம் வரை போய், அங்குள்ள மேம்பாலத்துக்கு அடியில் திரும்பி வர வேண்டும்.

சுகன்யாவை அவளுடைய அப்பா கலையரசன் தினமும் அப்படித்தான் பைக்கில் சுற்றிக் கொண்டுவந்து விடுவார். பிறகு கோழிப்பண்ணைக்கு வேலைக்குத் தாமதமாகப் போய்த் திட்டு வாங்குவார்.

"அடுத்த வருசம் என்னை சங்ககிரி அத்தை ஊட்டுக்கு அனுப்பிடுவாங்களாம். அங்கதான் படிக்கோணுமாம்" என்றாள் சுகன்யா ஒருநாள்.

அன்று நர்மதாவுக்கு மதியச் சோறு இறங்கவில்லை.

மறுநாள் காலை, சாலையோரப் புளியமரத்தடியில் ஒருவர் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். கையில் எலுமிச்சம்பழ அளவில் ஒரு கருவி.

"ஏனுங்க சார், இது என்னதுங்க?"

"எண்ணுற மெஷின். யாராவது ரோட்டைக் கடந்தா ஒரு அழுத்து. இங்க நடைபாலம் வேணுமான்னு பார்க்க வந்திருக்கேன்." அவர் பெயர் கௌதமன். சேலத்திலிருந்து வந்திருந்தார்.

நர்மதாவுக்குத் துள்ளிக் குதிக்க வேண்டும் போல இருந்தது. "எத்தன பேருங்க கடந்தாங்க?"

"மூணு."

அப்போது ஒருவர் தன் ஆட்டை இழுத்துக்கொண்டு ஓட்டமும் நடையுமாகச் சாலையைக் கடந்தார். டிக்.

"ஆட்டுக்கும் ஒண்ணு அழுத்துங்க சார்."

"ஆடு கணக்குல வராது."

"ஆளே கம்மியா இருக்குது. ஆட்டையாவது சேத்துக்கங்க."

கௌதமன் சிரித்தார். "பாப்பா, கடக்க ஆளில்லாத இடத்துல பாலம் கட்டமாட்டாங்க."

நர்மதா எதிர்ப்பக்கம் பார்த்தாள். சுகன்யா கையசைத்துவிட்டு பைக்கில் ஏறினாள். பைக் புதுச்சத்திரம் பக்கம் போய் மறைந்தது.

வெகுநேரம் கழித்து அதே பைக் புளியமரத்தைத் தாண்டிப் பள்ளிக்கூடம் நோக்கிப் போனது. கௌதமன் எழுந்து நின்றுவிட்டார்.

"இந்தப் பொண்ணு அந்தப் பக்கம்தானே நின்னுச்சு? எப்ப கடந்துச்சு? நான் பார்க்கவே இல்லையே!"

"கடக்கலீங்க. சுத்தி வாரா."

"ஏன்?"

ஒரு லாரி உறுமிக்கொண்டு போனது. நாற்காலி ஆடியது. நர்மதா அந்த லாரியைக் கைகாட்டினாள்.

"பாலம் இல்லாததாலதானுங்க யாரும் கடக்கறதில்ல. நீங்க என்னடான்னா, யாரும் கடக்காததால பாலம் வேண்டாங்கறீங்க."

கௌதமன் தன் கையிலிருந்த கருவியைப் பார்த்தார். "கடக்கறவங்களை எண்ணிடலாம். கடக்காதவங்களை எங்க உட்கார்ந்து எண்ணுறது?"

நர்மதா அந்தக் கேள்வியைப் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோனாள். பாடம் நடக்கும்போதெல்லாம் அது கூடவே இருந்தது. கடைசி மணி அடித்ததும் புளியமரத்துக்கு ஓடினாள்.

"அவங்க வந்து சேர்ற இடத்துல எண்ணலாமுங்க!"

கோழிப்பண்ணைகள் நிறைந்த அந்த ஊரில் முட்டை அடுக்கும் குழி அட்டை இல்லாத வீடு கிடையாது. மறுநாள் காலை நர்மதா மூன்று அட்டைகள் கொண்டுவந்தாள். பள்ளிக்கு ஒன்று, ரேஷன் கடைக்கு ஒன்று, பால் சொசைட்டிக்கு ஒன்று. ஒவ்வொன்றின் பக்கத்திலும் ஒரு கிண்ணம் மக்காச்சோளம். மேலே எழுதி ஒட்ட ஒரு கேள்வி வேண்டும்.

"பாலம் வேணுமான்னு எழுது" என்றான் பக்கத்து வீட்டு தனுஷ்.

"அப்படிக் கேட்டா எல்லாருமே வேணும்னுதான் சொல்வாங்க" என்றார் கௌதமன்.

நர்மதா யோசித்து எழுதினாள்: 'இன்று சுற்றி வந்தீர்களா? ஆம் என்றால் ஒரு சோளம் போடுங்கள்.'

குழிக்கு ஒன்று என்று யாருக்கும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. முட்டை அடுக்கிப் பழகிய கைகள். தனுஷ் மட்டும் ஒரு கைப்பிடி அள்ளி ஒரே குழியில் கொட்டினான்.

"ஒரு குழின்னா ஒரு ஆளு. நீ எவ்வளவு கொட்டுனாலும் ஒண்ணுதான்" என்றாள் நர்மதா. "அதுவும் நீ இந்தப் பக்கத்து ஆளு. எடு எல்லாத்தையும்."

"உதவி பண்ணலாம்னு பாத்தேன்."

"பொய் சேந்தா நெசத்தையும் நம்பமாட்டாங்கடா."

அன்று மாலை பால் சொசைட்டிக்குப் போனவளுக்கு அழுகையே வந்துவிட்டது. அட்டை காலி. பக்கத்தில் ஒரு நாட்டுக்கோழி நிம்மதியாக அலகைத் துடைத்துக்கொண்டிருந்தது.

"நம்ம கணக்கைக் கோழி தின்னுடுச்சுங்க!"

கௌதமன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். மறுநாள் மூன்று இடத்திலும் புதிதாகத் தொடங்கினார்கள். இந்த முறை புளியங்கொட்டை. கோழி வந்து பார்த்துவிட்டுப் போய்விட்டது.

பள்ளி விடும் நேரத்தில் கலையரசன் மகளை அழைத்துப்போக வந்தார். பள்ளி வாசலில் இருந்த அட்டையைப் பார்த்தார். ஏறக்குறைய நிறைந்திருந்தது.

"இதென்ன சாமி?"

"அந்தப் பக்கத்துல இருந்து சுத்தி வார புள்ளைங்கங்க மாமா. ஒரு குழி ஒரு ஆளு."

கலையரசன் குழிகளை மெதுவாக விரலால் தொட்டுக்கொண்டே போனார். "இத்தன புள்ளைங்களா? நான் மட்டுந்தான் சுத்தறேன்னு இருந்தேனே. இதுக்கு ஒரு வேனே வெக்கலாமே!"

அடுத்த வாரமே பெற்றோர்கள் சேர்ந்து ஒரு வேன் பேசினார்கள். கலையரசன் பண்ணைக்கு நேரத்துக்குப் போனார். சங்ககிரிப் பேச்சு அத்தோடு நின்றது.

கௌதமன் மூன்று அட்டைகளையும் படம் எடுத்துத் தன் அறிக்கையோடு சேர்த்து அனுப்பினார். அதைப் பார்த்துச் சிலர் வந்தார்கள். அளந்தார்கள். போனார்கள். மறுபடி வந்தார்கள். நர்மதா ஆறாம் வகுப்புக்கு வந்தபோது பாலமும் வந்தது.

பாலம் திறந்த அன்று கௌதமன் அதே கருவியோடு படிக்கட்டு அருகே உட்கார்ந்திருந்தார். அந்தப் பக்கத்திலிருந்து சுகன்யா ஓடி வந்தாள். இந்தப் பக்கத்திலிருந்து நர்மதா ஏறினாள். நடுப்பாலத்தில் சந்தித்தார்கள்.

நர்மதா கம்பியில் சாய்ந்து குனிந்து கத்தினாள். "சார், நடுவுல நின்னா கணக்குல வருமுங்களா?"

"முழுசாக் கடந்தாத்தான் வரும்!"

"அப்படின்னா கொஞ்சம் பொறுத்துக்கங்க சார்!"

காலடியில் லாரிகள் ஓடிக்கொண்டே இருந்தன. இருவருக்கும் பேச நிறைய இருந்தது.