உயிர்மானி பச்சை காட்டிய வீடு

சுவரிலிருந்த உயிர்மானி பச்சைக்கு மாறியதும் மின்விசிறி நின்றது. செண்பகவல்லி நிமிர்ந்து பார்த்தாள். கட்டிலில் கிடந்த அவள் கணவன் இசக்கியின் நெஞ்சு, பல மாதங்களுக்குப் பிறகு இரைச்சலில்லாமல் ஏறி இறங்கியது. அவனுக்குக் குணமாகிவிட்டது. அதனால்தான் மின்சாரம் போய்விட்டது.

வாடகைக்கு இருப்பவர்களின் மின்சாரத்தை வீட்டுக்காரர் நிறுத்தக் கூடாது என்று முன்பு ஒரு சட்டம் இருந்தது. மீறினால் வழக்கு, வாய்தா என்று வருடக்கணக்கில் இழுக்கும். அந்த இழுபறியை ஒழிக்கத்தான் உயிர்மானி வந்தது. வீட்டிலிருப்பவர்களின் மூச்சையும் நாடியையும் சுவரிலிருந்தே அளந்து, மின்சாரம் இல்லாவிட்டால் யாருடைய உயிருக்காவது ஆபத்தா என்று நொடியில் சொல்லிவிடும். ஆபத்தென்றால் சிவப்பு, அப்போது நின்ற மின்சாரமும் தானே வந்துவிடும், எவரும் அதில் கைவைக்க முடியாது. பச்சையென்றால் வீட்டுக்காரர் இஷ்டம், அவர் நிறுத்திவைத்திருந்தால் அந்த நொடியே நின்றுவிடும். அது வந்த அன்று குடியிருப்போர் சங்கத்தில் லட்டு கொடுத்தார்கள். செண்பகவல்லியும் வாங்கித் தின்றாள்.

வீட்டுக்காரர் கோதண்டபாணி கீழ்த்தளம் முழுவதையும் கணிப்பொறிக் கிடங்குக்கு விட்டிருந்தார். எவ்வளவு மின்சாரம் கொடுத்தாலும் அது குடித்துத் தீர்த்தது. மாடியிலிருப்பவர்களும் காலி செய்தால் மாடியையும் கிடங்குக்கே கொடுத்துவிடலாம். செண்பகவல்லி கீழே இறங்கிப்போய் அவரிடம் கேட்டாள்.

"வாடகை தவறாமத்தானே குடுக்கிறோம், சார்? ஏன் கரண்டை நிறுத்தினீங்க?"

அவர் குச்சியால் பல்லிடுக்கைக் குத்திக்கொண்டே சிரித்தார். "மானி பச்சை காட்டுதேம்மா. உன் வீட்டுக்காரர் பொழச்சிக்கிட்டாரு. சந்தோஷப்படாம சண்டைக்கு வர்றியே!"

குச்சியில் வந்ததைப் பார்த்துவிட்டு மறுபடி வாயில் வைத்துக்கொண்டார். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

மாடியேறும்போது எதிர்வீட்டு ராசாத்தி கூப்பிட்டாள். உள்ளே விசிறி ஜோராகச் சுற்றியது. அதையும் மீறி ஒரு அழுகல் வாடை. மூலையில் ராசாத்தியின் மாமியார் காலை நீட்டிப் படுத்திருந்தாள். சர்க்கரைப் புண்ணில் ஈ மொய்த்தது.

"கட்டு மாத்தலையாக்கா?"

"மாத்தினா ஆறிடும்டி" என்று ராசாத்தி குரலைத் தாழ்த்தினாள். "ஆறினா பச்சையாயிடும். நாலு பிள்ளைங்கள வெச்சுக்கிட்டு இந்த வெயில்ல நான் என்ன பண்ணுவேன்? நீயும் கொஞ்சம் விவரமா இரு."

செண்பகவல்லி வெளியே ஓடிவந்து குழாயடியில் வாந்தி எடுத்தாள்.

மறுநாள் அடுப்படிச் சுவர்கூட அனலடித்தது. குளிர்பெட்டியில் பால் திரிந்து நாறியது. ஐந்து வயது மகள் தேன்மொழி வேர்க்குருவைச் சொறிந்து சொறிந்து ரத்தமாக்கியிருந்தாள். மத்தியானம் செண்பகவல்லி துணி அலசிக்கொண்டிருந்தபோது விசிறி சுழலும் சத்தம் கேட்டது. ஓடிவந்தாள். மானி சிவப்பு. முகத்தில் காற்று பட்டதும் அவளையறியாமல் சிரித்துவிட்டாள்.

அப்புறம்தான் அந்த இரைச்சல் காதில் விழுந்தது.

இசக்கி கட்டிலில் சுருண்டு கிடந்தான். உதடு நீலம் பாரித்திருந்தது. இன்ஹேலரைத் தலையணைக்கடியில் அமுக்கிப் பிடித்திருந்தான்.

"காலையிலேர்ந்து இழுக்கலையா நீங்க?"

"விடு... புள்ள... தூங்குது..."

தேன்மொழி விசிறிக்கு நேர்கீழே கைகாலைப் பரப்பித் தூங்கிக்கொண்டிருந்தாள். செண்பகவல்லியின் கழுத்து வியர்வையில் காற்று சில்லென்று இறங்கியது. அந்தச் சுகம் உடம்புக்குப் பிடித்திருந்தது. அப்படிப் பிடித்துப்போன தன் உடம்பையே பிய்த்தெறிய வேண்டும்போல அவளுக்கு அருவருப்பாக இருந்தது.

அவன் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து இன்ஹேலரைப் பிடுங்கினாள். அவன் தலையைத் திருப்பிக்கொண்டான். தாடையைப் பிடித்துத் திருப்பி, வாயில் வைத்து அழுத்தினாள். "இழுங்க. எனக்காக இழுங்க." மூச்சு மெல்ல மெல்லச் சீருக்கு வந்தது. அவன் கண்ணிலிருந்து நீர் வழிந்தது.

மானி பச்சையானது. விசிறி நின்றது.

தேன்மொழி சிணுங்கிக்கொண்டே எழுந்து உட்கார்ந்தாள். விசிறியைப் பார்த்தாள், சுவரைப் பார்த்தாள், அப்பாவைப் பார்த்தாள்.

"அம்மா, அப்பாவுக்கு மறுபடி எப்பம்மா மூச்சு இரைக்கும்?"