பனிநாட்டு நாற்காலி

நாற்காலியின் இருக்கை மறுபடியும் ஈரமாக இருந்தது.

மகேஷ்குமார் விரலால் தொட்டுப் பார்த்தான். சில்லென்றிருந்தது. வெளியே ஜூன் மாதத்து இடவப்பாதி மழை பெய்துகொண்டிருந்தாலும் வலியசாலை வீட்டுக்குள் அப்படியொன்றும் குளிரில்லை. வியர்வையில் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டிருந்தது. நிமிர்ந்து பார்த்தான். ஓடு எங்கும் ஒழுகவில்லை.

வெள்ளை பிளாஸ்டிக் நாற்காலி. மனைவி ஆர்யா இறந்தபோது துக்கத்துக்கு வந்தவர்கள் உட்கார வாடகைக்கு எடுத்தவற்றில் ஒன்று மிஞ்சிவிட்டது என்றுதான் நினைத்தான். கடைக்குப் போன் செய்தபோது, எங்கள் நாற்காலி எல்லாம் வந்துவிட்டது, அது எங்களுடையது இல்லை என்றார்கள். ஐந்து வயது மகள் ஸ்ரீக்குட்டி அதை இழுத்துக்கொண்டுபோய்க் கூடத்தின் நடுவே, ஐஸ் பெட்டி இருந்த இடத்தில் போட்டாள். அதுமுதல் அங்கேதான் கிடந்தது.

ஐஸ் பெட்டியைப் பற்றி வீட்டில் யாரும் பேசுவதில்லை. ஆர்யாவின் தம்பி ஜெயன் துபாயிலிருந்து வந்து சேரும்வரை இரண்டு இரவு அவள் அதற்குள் இருந்தாள். பெட்டியின் மோட்டார் உம்மென்று முனகிக்கொண்டேயிருந்தது. கூடம் முழுக்க ரோஜாமாலையும் ஊதுபத்தியும் கலந்த வாடை. கண்ணாடி மூடியில் ஆவி படிந்து முகம் மங்கும்போதெல்லாம் யாராவது துண்டால் துடைத்தார்கள். அவளுடைய கால் பெருவிரல்களைச் சேர்த்து வெள்ளைத் துணிக்கீற்றால் கட்டியது மகேஷ்தான். அவனுக்குத் தெரிந்தது ஒரே முடிச்சு. தினமும் காலையில் மகளின் ஷூவுக்குப் போடும் முடிச்சு, இரண்டு காது வைத்தது.

அம்மை ஏன் அதுக்குள்ள படுத்திருக்கா என்று குழந்தை கேட்டபோது வாயில் வந்ததைச் சொன்னான். பனிநாடு என்று ஒரு நாடு. அங்கே ஒரு சிம்மாசனம். அதில் உட்கார்ந்து சொன்னால் மலை நகரும், கடல் அலையோடு நின்றுவிடும். அம்மாவை அங்கே ராணியாக்கக் கூப்பிட்டிருக்கிறார்கள், அதற்காகக் குளிருக்குப் பழகுகிறாள். அவ்வளவுதான் சொன்னான்.

அவன் சொல்லாததெல்லாம் பிறகு குழந்தையின் வாயிலிருந்து வந்தது. பனிநாட்டில் சோற்றைக் கடித்தால் பல் உடையுமாம். சிம்மாசனத்தில் உட்கார்ந்தவர் தானாக எழுந்திருக்க முடியாதாம்.

"இதெல்லாம் யாரு சொன்னா?"

"நீ பாதிதான் சொன்னே. பாக்கி அம்மை சொன்னா." படத்துக்கு வண்ணம் தீட்டிக்கொண்டே சொன்னாள். "அம்மைக்கு எழும்பணும்ப்பா. அவ ரத்தத்துல வேற ஆள் உக்காரணும். நீ உக்காந்தா ஒண்ணும் ஆகாது."

அன்று அவன் உட்கார்ந்து பார்த்தான். வேட்டி நனைந்தது. வேறொன்றும் ஆகவில்லை.

குழந்தைக்கு இந்த ரத்தப் பேச்சு எங்கிருந்து வரும்? வீட்டில் இருந்த இன்னொருத்தி, ஆர்யாவின் அக்கா பொன்செல்வி. காரியம் முடிந்தும் நாகர்கோவிலுக்குத் திரும்பாதவள். பிள்ளை இல்லாதவள். ஸ்ரீக்குட்டியை நான் கொண்டுபோய் வளர்க்கட்டுமா என்று ஒருமுறை மெல்லக் கேட்டிருந்தாள். அந்தக் குழந்தையும் போய்விட்டால் சாயங்காலம் இந்த வீட்டுக்குத் திரும்பி வர அவனுக்குக் காரணமே இருக்காது.

குழந்தையைப் பயமுறுத்தி இந்த வீட்டை வெறுக்கவைக்கப் பார்க்கிறாள் என்று தோன்றியது. தோன்றியபின் எல்லாமே அதற்குப் பொருந்தியது. மீன்காரியிடம் ஐஸ் வாங்குகிறாளா என்று ஜன்னல் வழியாகக் கவனித்தான். ஃப்ரிட்ஜில் ஐஸ் தட்டை இழுத்துப் பார்த்தான். நிறைந்திருந்தது. எடுத்துவிட்டு மறுபடி நிரப்பியிருப்பாள் என்று நினைத்துக்கொண்டான்.

வெள்ளிக்கிழமை கழக்கூட்டம் என்ற ஊரில் இருந்த தன் அலுவலகத்திலிருந்து திரும்பியபோது நாற்காலியின்மேல் அரிவாள்மனை இருந்தது. அலகு மேல்நோக்கி நின்றது. அதன் காலடியில் குழந்தை உட்கார்ந்து விளையாடிக்கொண்டிருந்தாள்.

குரலை உயர்த்தாமல்தான் கேட்டான். பொன்செல்வி அடுக்களையிலிருந்து ஈரக் கையைத் துடைத்துக்கொண்டே வந்தாள். இரும்பு அங்கேயே இருக்கட்டும் என்றாள். நீங்கள் வீட்டில் இல்லாதபோதெல்லாம் அங்கேதான் வைக்கிறேன் என்றாள்.

"பிள்ளை கையை வெட்டிக்கிட்டா?"

"வெட்டினா தையல் போடலாம், மகேசு."

அவன் குழந்தையை வாரித் தூக்கிக்கொண்டான்.

"மைனி, நீங்க நாளைக்கு ஊருக்குக் கிளம்புங்க."

அவளுக்குக் கோபம் வரும் என்று எதிர்பார்த்தான். முகத்தில் பயம்தான் வந்தது. அதையும் நடிப்பு என்று எடுத்துக்கொண்டான்.

மறுநாள் பிற்பகல் குழந்தையையும் தூக்கிக்கொண்டு தம்பானூர் பஸ் நிலையத்துக்குப் போய் அவளை நாகர்கோவில் பஸ்ஸில் ஏற்றிவிட்டான். வண்டி நகரும்போது பொன்செல்வி ஜன்னல் கம்பி வழியாக அவன் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"அந்த இரும்ப மட்டும் எடுக்காண்டாம். அவ என்னையும்தான் கூப்பிடுகா, மகேசு. நானும் அவ ரத்தம்தானே."

வீட்டுக்கு வந்ததும் முதல் வேலையாக அரிவாள்மனையைத் தூக்கிப் பரணில் போட்டான். நாற்காலியைத் தெருக்கோடியில் கொண்டுபோய்ப் போட நினைத்தான். மழை வலுத்தது. காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டான்.

அடுக்களையில் பாலைச் சூடாக்கிக்கொண்டிருந்தபோது கரண்ட் போயிற்று. கூடத்து மின்விசிறி தளர்ந்து தளர்ந்து நின்றது, ஃப்ரிட்ஜ் ஓர் உதறலோடு அடங்கியது, பக்கத்து வீடுகளின் டிவி சத்தமெல்லாம் ஒரே நொடியில் அற்றுப்போய் ஓட்டின்மேல் மழை மட்டும் கொட்டிக்கொண்டிருக்க, அந்த மழைக்கு அடியில் இன்னொரு சத்தமும் இருப்பது அவனுக்கு மெல்ல மெல்லத்தான் தெரிந்தது. உம்மென்ற முனகல். மோட்டார் சத்தம்.

கரண்ட் இல்லை.

"ஸ்ரீக்குட்டி."

அடுப்பை அணைத்துவிட்டு, கைபேசி விளக்கைப் போட்டுக்கொண்டு அடுக்களை வாசலுக்கு வந்தான். ரோஜா வாடை. ஊதுபத்தி. அவன் மூச்சு வெளிச்சத்தில் வெள்ளையாகப் புகைந்தது.

தரையில் ஈரக் கால்தடங்கள். பெரியவருடைய கால்கள். கூடத்திலிருந்து வந்திருந்தன. அவன் நின்ற இடத்தை ஒட்டி, அவனைக் கடந்து, முதுகுக்குப் பின்னால் அடுக்களைக்குள் போயிருந்தன.

திரும்பிப் பார்க்கவில்லை. முதலில் பிள்ளை.

கூடத்தில் ஸ்ரீக்குட்டி நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். முதுகு நேராக. கைகள் முழங்கால்மேல். இமைமுடியில் வெள்ளைத் துகள். கக்கத்தில் கைகொடுத்துத் தூக்கினான். வரவில்லை. நாற்காலியோடு சேர்த்துத் தூக்கினான். ஒரு கையால் தூக்கிவிடக்கூடிய பிளாஸ்டிக் நாற்காலி. அசையவில்லை.

"மழைய நிக்கச் சொல்லட்டுமாப்பா?"

பேசியபோது அவள் வாயிலிருந்து புகை வரவில்லை.

"நில்லு" என்றாள்.

மழை நின்றது. ஒரேயடியாக. கூரை விளிம்பில் சொட்டுக்கூட இல்லை.

அந்த அமைதியில், அடுக்களையில் யாரோ பாலை ஆற்றினார்கள். டம்ளரிலிருந்து டம்ளருக்கு. உயரத் தூக்கி. ஆர்யா ஆற்றுவதுபோல.

விளக்கைக் கீழே தாழ்த்தினான். தரை எட்டாத இரண்டு சின்னக் கால்கள். பெருவிரல்கள் சேர்த்துக் கட்டியிருந்தன. வெள்ளைத் துணிக்கீற்று.

இரண்டு காது வைத்த முடிச்சு.